மன்னிப்புத் தாள்

தோக்கியோ
செப்டம்பர் 9

அன்புத் தங்கை மிவாவுக்கு,

செப்டம்பர் பிறந்தும் இங்கே வெயில் தணியவில்லை. ஜன்னலைத் திறந்தால் சில்வண்டுகளின் கத்தல், மூடினால் வேர்வை. உன் இடுப்பு வலி எப்படி இருக்கிறது? சலவைக்கடையில் நாள் முழுக்க நிற்காதே, ஒரு முக்காலி போட்டுக்கொள் என்று உன் வீட்டுக்காரர் கென்சாகுவிடமும் சொல்லியிருக்கிறேன். நீ அனுப்பிய புகை முள்ளங்கி ஊறுகாய் வந்தது. இப்போதைக்கு என் வயிற்றில் தங்குவது அது ஒன்றுதான்.

சுற்றி வளைக்காமல் சொல்லிவிடுகிறேன். எனக்குக் குழந்தை பிறக்கப்போகிறது. மார்ச் மாதம்.

உன்னிடம் இதை எப்படிச் சொல்வது என்று இரண்டு வாரம் யோசித்தேன். யோசித்தும் இதைவிட நல்ல வாக்கியம் கிடைக்கவில்லை. டாக்டரம்மா என் வயதை இரண்டு முறை கேட்டார். "நாற்பத்து மூணுதான். நீங்க சரியாத்தான் எழுதியிருக்கீங்க" என்றேன். இருபது வருஷமாக ஞாயிறு மாலை ஆறு மணிக்கு டிவி கார்ட்டூனில் தொகுமாரு என்ற ஆறு வயதுப் பையனுக்குக் குரல் கொடுத்துப் பிழைக்கிறவள் நான். முன்பல் விழுந்த பையன். காத்திருப்பு நாற்காலியில் உட்கார்ந்து, பல்லிடுக்கில் காற்றை விட்டு அவன் சிரிப்பைச் சிரித்துப் பார்த்துக்கொண்டேன். பக்கத்தில் இருந்த பெண்ணின் வயிற்றுக்குள் குழந்தை உதைத்ததாம். தற்செயலாகத்தான் இருக்கும். இருந்தாலும் எனக்குப் பெருமையாக இருந்தது.

அலுவலகத்துக்கு இன்னும் தெரியாது. என் வேலைகளைக் கவனித்துக்கொள்ளும் குரோசேவுக்கு மட்டும் தெரியும். அவன்தான், "அக்கா, போன்ல ஒரு எழுத்துகூட எழுதாதீங்க. படம் புடிச்சு வித்துடுவானுங்க. தபால்ல எழுதுங்க" என்றான். நமக்கென்ன, நான் ஊரை விட்டு வந்த நாளிலிருந்து தபால்தானே.

குழந்தையின் அப்பா, அவர் யார் என்று மட்டும் கேட்காதே.

பிள்ளைகளை வீட்டுக்குப் போகச் சொல்லும் நம் ஊர் ஐந்து மணி ஒலிபெருக்கியில் இன்னும் என் குரல்தான் வருகிறதா? தொண்டை அப்போது என்ன இளசாக இருந்தது!

உடம்பைப் பார்த்துக்கொள்.

அக்கா தமாகி


அகிதா
செப்டம்பர் 21

அக்காவுக்கு மிவா எழுதுவது.

இங்கே காற்று மாறிவிட்டது. கடல் பக்கம் துணி உலர்த்தினால் உப்புப் படிகிறது. இடுப்பு பரவாயில்லை. கென்சாகு நலம். புது இஸ்திரி இயந்திரம் வந்துவிட்டது. அதற்கு முன்பணம் கட்டியதால் முக்காலி அடுத்த வருஷம்தான்.

செய்தி கிடைத்தது. நன்றாகச் சாப்பிடு. இன்னும் கொஞ்சம் ஊறுகாய் அனுப்பியிருக்கிறேன்.

அவர் யார்?

ஆமாம், ஐந்து மணிக்கு உன் குரல்தான் வருகிறது. தினமும்.

மிவா


தோக்கியோ
அக்டோபர் 15

அன்பு மிவா,

குளிர் மெல்ல எட்டிப் பார்க்கிறது. உங்கள் ஊரில் கணப்பு எடுத்து வைத்திருப்பீர்கள். நான் நலம். வயிறும் நலம். மற்றதெல்லாம் நீ பத்திரிகையில் பார்த்திருப்பாய்.

தப்பு என்னுடையதுதான் என்று குரோசே சொல்கிறான். அன்றைக்கு ரயிலில் தலை சுற்றியது. கர்ப்பிணிகளுக்கு மருத்துவமனையில் கொடுக்கிற அந்த இளஞ்சிவப்பு வில்லையை, யாராவது எழுந்து இடம் கொடுக்கட்டும் என்று பையில் மாட்டிக்கொண்டேன். அந்த ஒரே ஒரு நாள்தான். ஒருவர்கூட எழுந்திருக்கவில்லை. ஆனால் ஒருவன் படம் எடுத்திருக்கிறான். 'தொகுமாருவுக்கு அப்பா யார்?' என்று கொட்டை எழுத்தில் தலைப்பு. பையில் தொங்கிய வில்லையைச் சுற்றி வட்டம்.

மறுநாள் அலுவலகத்தில் கூட்டம். நாங்கள் எந்த நேரத்தில் சந்தித்தாலும் 'காலை வணக்கம்' சொல்லிக்கொள்வது இந்தத் தொழிலின் வழக்கம் என்று உனக்குத் தெரியுமே. இருட்டிய பிறகு கூட்டம், எல்லார் முகமும் சாவு வீட்டு முகம், அதிலும் ஒவ்வொருவராக "காலை வணக்கம், காலை வணக்கம்" என்று தலை குனிந்தார்கள். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அதுவும் ஒரு குற்றமாக எழுதப்பட்டது.

தலைவர் இவாகுரா பேச்சை ஆரம்பித்தார். "தமாகி, நீ ஒரு தப்பும் பண்ணலைன்னு எனக்குத் தெரியும். அதனால மன்னிப்புக் கேட்டுடு."

"தப்பே பண்ணலைன்னா எதுக்குக் கேக்கணும்?"

"ஊர் உலகத்தைத் தொந்தரவு பண்ணினதுக்கு."

"தொந்தரவு பண்ணினது பத்திரிகை. நான் ரயில்ல நின்னுட்டிருந்தேன்."

நிகழ்ச்சிக்குப் பணம் கொடுக்கும் பிஸ்கட் கம்பெனிக்காரர் தொண்டையைச் செருமினார். "அம்மா, எங்களுக்குக் குழந்தை பிறக்கிறதுல ஒரு ஆட்சேபணையும் இல்ல. குழந்தைங்கதானே பிஸ்கட் சாப்பிடுறாங்க. அப்பா யாருன்னு ஒரு வார்த்தை சொல்லிட்டீங்கன்னா..."

நான் சொல்லவில்லை. அவர் யாருடைய கணவருமில்லை என்று நான் சொன்னால் போதும், அறை முழுக்க மூச்சு விடும். அந்த நிம்மதியை இவர்களுக்கு நான் ஏன் தர வேண்டும்? இதை உன்னிடமும் சொல்லியிருக்கக் கூடாது. சொல்லிவிட்டேன்.

கடைசியில் வழக்கமான முடிவுதான். கையால் எழுதிய மன்னிப்புக் கடிதம். தடித்த வெள்ளைத் தாள், கறுப்பு மை, மேலிருந்து கீழாக வரிகள். எழுதியதைப் படம் எடுத்து எல்லாரும் பார்க்கப் போட்டுவிடுவார்கள். கல்யாணம் செய்துகொண்டதற்கு மன்னிப்புக் கேட்பவளும், குடித்துவிட்டுக் காரை மோதியதற்குக் கேட்பவனும் எங்கள் தொழிலில் ஒரே மாதிரித் தாளில்தான் எழுதுகிறார்கள். எழுதாவிட்டால் ஜனவரியிலிருந்து தொகுமாருவுக்கு வேறு குரல்.

என் கையெழுத்தைப் பார்த்ததும் தலைவர் கண்ணை மூடிக்கொண்டார். "இந்த எழுத்துல மன்னிப்புக் கேட்டா, சண்டைக்குக் கூப்பிடுற மாதிரி இருக்கும். உன் தங்கச்சி எழுதட்டும்."

ரசிகர்களுக்கு என் பெயரில் போகும் புத்தாண்டு அட்டைகளை நீதானே இத்தனை வருஷம் எழுதிக் கொடுத்தாய். என் அழகான கையெழுத்துக்கு ரசிகர் மன்றமே உண்டு, தெரியுமா?

அலுவலகம் எழுதிக் கொடுத்த வாசகத்தையும், ஒரு கட்டு வெள்ளைத் தாளையும் இத்துடன் வைத்திருக்கிறேன். எழுதி அனுப்பு, மிவா. எனக்கு இதில் இஷ்டமில்லை. ஆனால் ஞாயிற்றுக்கிழமையை விட மனம் வரவில்லை. அந்தப் பையன் என் தொண்டையில்தான் இருக்கிறான். வேறு எங்கே போவான்?

தமாகி


அகிதா
அக்டோபர் 24

அக்காவுக்கு,

முதல் உறைபனி விழுந்துவிட்டது. நாங்கள் நலம். நீ கால் வீங்காமல் பார்த்துக்கொள்.

கேட்டபடி எழுதி அனுப்பியிருக்கிறேன். மடிப்பு விழாமல் இருக்க இரண்டு அட்டைகளுக்கு நடுவில் வைத்திருக்கிறேன். மை காய்ந்துவிட்டது. சீக்கிரம் வெளியிடச் சொல்.

இங்கே கடைக்கு வருகிறவர்கள் எல்லாரும் ஏதாவது ஒன்றைத் துவைக்கக் கொண்டுவருகிறார்கள். மருந்துக்கடை ஓனோதெரா அம்மாள் ஜன்னல் திரையைக் கழற்றி எடுத்து வந்தாள். போன மாதம்தான் அதைத் துவைத்துக் கொடுத்தேன்.

"அக்கா நல்லாருக்காளா?"

"நல்லாருக்கா."

"டிவியில பாத்தேன். மெலிஞ்சுட்டா. இல்ல, மெலியல." திரையை மேஜைமேல் தள்ளினாள். "உனக்கும் கஷ்டமாத்தான் இருக்கும், இல்ல?"

ரசீது எழுதிக் கொடுத்து அனுப்பிவிட்டேன்.

ஒரே ஒரு தாள்தானே. கேட்டுவிட்டால் முடிந்துவிடும். எல்லாருக்கும் நல்லது.

மிவா


தோக்கியோ
நவம்பர் 6

அன்பு மிவா,

உடம்பு நலம்தானே? இங்கே பொன்னிறமாக இலைகள் கொட்டுகின்றன. நடைபாதை வழுக்குகிறது, மெதுவாக நடக்கிறேன்.

தாள் பத்திரமாக வந்தது. அட்டையைப் பிரித்ததும் மூச்சே நின்றுவிட்டது. அவ்வளவு அழகு. ஒவ்வொரு எழுத்தும் கஞ்சி போட்டு இஸ்திரி போட்டதுபோல் நிற்கிறது. அந்த அழகுதான் என்னைக் கெடுத்தது. அலுவலகம் தட்டச்சு செய்து கொடுத்தபோது அது வெறும் வாசகம். உன் கையில் வந்த பிறகு யாரோ நிஜமாகவே மன்னிப்புக் கேட்பதுபோல் இருந்தது.

கண்ணாடி முன் நின்று அதை தொகுமாருவின் குரலில் படித்துப் பார்த்தேன். 'என் விவேகமற்ற நடத்தையால் குழந்தைகளின் கனவைக் களங்கப்படுத்தியதற்காக...' ஓர் ஆறு வயதுப் பையன், பிறந்ததற்காக மன்னிப்புக் கேட்பதுபோல் இருந்தது. அப்போது வயிற்றில் அசைந்தது. முதல் அசைவு. குழந்தையின் முன்னால் அதற்குமேல் படிக்க முடியவில்லை.

தலைவரிடம் போய்ச் சொல்லிவிட்டேன். "நான் வெளியிட மாட்டேன்."

"ஏம்மா, அந்தத் தாள்ல இருக்கிறதை யாரு நம்பப்போறா? சும்மா ஒரு சடங்கு. எல்லாரும் பண்றது."

"யாரும் நம்பாததை நான் எதுக்கு எழுதணும்?"

"நீ இப்படிப் பேசுவேன்னு தெரிஞ்சிருந்தா இருபது வருஷத்துக்கு முன்னாடி வேற பொண்ணை எடுத்திருப்பேன்."

"நீங்க எடுத்தது பையனை. அவன் வாய் எப்பவும் நீளம்தான்."

குரோசே முகத்தைக் கையால் மறைத்துக்கொண்டான். அழுதானா சிரித்தானா என்று கேட்கவில்லை.

வீட்டுக்கு வந்து, அலுவலகம் கொடுத்ததில் என்னிடம் மிச்சமிருந்த வெள்ளைத் தாளில் ஒன்றை எடுத்து, எனக்குப் பழக்கமான இடது கையால் நானே எழுதி, நானே படம் எடுத்துப் போட்டேன். நீ பார்த்திருக்காவிட்டால் இதுதான்:

'மார்ச் மாதம் எனக்குக் குழந்தை பிறக்கும். நலமாக இருக்கிறேன். இதில் யாரிடமும் மன்னிப்புக் கேட்க ஒன்றுமில்லை. என் எழுத்து எப்போதும் இப்படித்தான், கோபம் என்று எண்ண வேண்டாம். ஞாயிறு ஆறு மணிக்குப் பார்ப்போம். தமாகி.'

இன்னொன்று. நீ அனுப்பிய தாளில் ஒரு வரி அதிகமாக இருக்கிறது. 'எனக்கு மிக நெருங்கியவர்களின் மனதை எண்ணிப் பார்க்காமல் இருந்துவிட்டேன்.' அது அலுவலகம் கொடுத்த வாசகத்தில் இல்லை. இரண்டையும் பக்கத்தில் வைத்து ஒப்பிட்டுப் பார்த்தேன்.

நீயாகச் சொல்லும்வரை நான் கேட்க மாட்டேன்.

தமாகி


தோக்கியோ
டிசம்பர் 10

மிவா,

ஒரு மாதமாக உன்னிடமிருந்து பதில் இல்லை. அகிதாவில் பெரும் பனி என்று செய்தியில் சொன்னார்கள். கூரைப் பனியைத் தள்ள நீ ஏறாதே, கென்சாகு ஏறட்டும்.

நேற்று கடைசி ஒலிப்பதிவு. யாரும் அதைக் கடைசி என்று சொல்லவில்லை. விலகிப் போகிறவர்களுக்குப் பூச்செண்டு கொடுத்து, எல்லாரும் நின்று கை தட்டுவது வழக்கம். எனக்குக் கொடுக்கக் கூடாது என்று மேலிடத்து உத்தரவாம். தொகுமாருவின் பாட்டனாருக்குக் குரல் கொடுக்கும் முதியவர் ஒருவர் இருக்கிறார், எண்பதை நெருங்குகிறவர். ஒலிவாங்கிக்கு முன்னால் இருந்த என் நாற்காலியில் தன் மெத்தையைப் போட்டுவிட்டு, தான் வெறும் நாற்காலியில் உட்கார்ந்தார். பதிவு முடிந்து சிவப்பு விளக்கு அணைந்த பிறகும் ஒருவரும் எழுந்து போகவில்லை. கடைசியில் அவர்தான் எழுந்து, என்னைப் பார்த்து, "காலை வணக்கம்" என்றார். புதிதாக வேலைக்கு வந்தவளிடம் சொல்வதுபோல. மற்றவர்களும் ஒவ்வொருவராகச் சொன்னார்கள். நான் வாசல் வரை அழவில்லை.

ஜனவரியிலிருந்து இருபத்தாறு வயதுப் பெண் ஒருத்தி பேசுகிறாள். அவள்மேல் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை.

என்னால் உங்கள் வாசலுக்கு நிருபர்கள் வரக்கூடும். அதற்கு வருத்தப்படுகிறேன். மன்னிப்புக் கேட்கவில்லை, கவனி. வருத்தம் மட்டும்தான்.

ஒரு வரியாவது எழுது. திட்டியாவது எழுது.

தமாகி


அகிதா
டிசம்பர் 22

அன்புள்ள அக்கா,

நீ நலமாக இருக்க வேண்டும் என்றுதான் தினமும் நினைக்கிறேன். முதலில் அதை எழுதிவிடுகிறேன், அப்புறம் மற்றது. பனி ஜன்னல் வரை நிற்கிறது. கூரையில் நான்தான் ஏறினேன். கென்சாகுவுக்கு முழங்கால் சரியில்லை. கரையோரம் ஹதாஹதா மீன் வந்துவிட்டது. முட்டையோடு வறுத்துத் தின்னும்போது உன்னை நினைத்தேன்.

நிருபர் வந்தார். ஒரு கோட்டைக் கொண்டுவந்து, கறை எடுக்க வேண்டும் என்றார். விரித்துப் பார்த்தேன். பொட்டுக் கறை இல்லை.

"கறை எங்கே?"

"அது... உள்பக்கம்." பல்லைக் காட்டினார். "அக்கா உங்ககிட்ட எல்லாம் சொல்லியிருப்பாங்களே. ஒரு வார்த்தை சொன்னா, எங்க பத்திரிகை உங்க கடை பேரையும் போடும்."

"என்னைக்கு வேணும்?"

"என்னது?"

"கோட்டு."

"நாளைக்கு ரயில்."

"சரி, குடுத்துட்டுப் போங்க."

அந்தக் கோட்டுக்கு மேஜைத்துணிக்குப் போடும் கஞ்சியைப் போட்டேன், அக்கா. இரண்டு தடவை. அடுத்த நாள் வந்து போட்டுக்கொண்டார். கையை மடக்க முடியவில்லை. மிச்சச் சில்லறையை வாங்க இரண்டு கையையும் பலகை மாதிரி நீட்டிக்கொண்டு நின்றார். கென்சாகு உள்ளே போய், துணி மூட்டையில் முகத்தைப் புதைத்துக்கொண்டு சிரித்தார். கஞ்சிக்குத் தனியாகக் காசும் வாங்கிக்கொண்டேன்.

இதை உனக்கு எழுத உட்கார்ந்தபோதுதான் மற்றதையும் எழுத வந்தது.

அந்த வரி என்னுடையதுதான்.

ஏழு வருஷத்துக்கு முன் கர்ப்பத்தின் ஆறாம் மாதத்தில் எனக்கு நடந்ததைப் பற்றி நாம் பேசியதே இல்லை. நீ பூ அனுப்பினாய், நான் நன்றி எழுதினேன், அதோடு சரி. அதன் பிறகு எங்களுக்கு எதுவும் தங்கவில்லை. ஆனால் தினமும் ஐந்து மணிக்கு ஊர் முழுக்க உன் குரல் வரும். 'நல்ல பிள்ளைங்களா, மணி அஞ்சாச்சு. வெளையாடினது போதும், வீட்டுக்குப் போங்க.' எங்கள் வீட்டுக்கு யார் வரப்போகிறார்கள்? ஐந்து மணி ஆகும்போதெல்லாம் இஸ்திரி இயந்திரத்தின் ஆவியைக் கூட்டி வைப்பேன், அந்தச் சத்தத்தில் கேட்காமல் போகட்டும் என்று. கென்சாகுவுக்குத் தெரியும். அவர் ஒன்றும் சொல்வதில்லை.

உன் செப்டம்பர் கடிதம் வந்தபோது என்னால் சந்தோஷப்பட முடியவில்லை. யாராவது மன்னிப்புக் கேட்க வேண்டும் போல் இருந்தது. ஊரிடம் இல்லை. என்னிடம். நீ ஒன்றும் செய்யவில்லை, அதனால் உன்னிடம் கேட்கவும் முடியாது. அப்போதுதான் அலுவலகத்தின் தாள் வந்தது. அந்த மன்னிப்பை நானே எழுதி, நானே வாங்கிக்கொண்டேன்.

நீ அதை வெளியிடவில்லை என்று தெரிந்ததும் உன்மேல் அவ்வளவு கோபம். கோபம் எப்போது போனது என்று தெரியவில்லை. கஞ்சி போடும்போதாக இருக்கலாம்.

மிவா


தோக்கியோ
ஜனவரி 7

என் மிவாவுக்கு,

புத்தாண்டில் உனக்கும் கென்சாகுவுக்கும் எல்லாம் நன்றாக நடக்கட்டும். உன் இடுப்புக்கு என் செலவில் ஒரு முக்காலி அனுப்பியிருக்கிறேன். உயரத்தைக் கூட்டிக் குறைக்கலாம். என் வயிறு இப்போது மேஜைக்கு அடியில் போகாது, நின்றுகொண்டுதான் எழுதுகிறேன். எழுத்து இன்னும் மோசம்.

உன் கடிதத்தைப் பலமுறை படித்துவிட்டேன். உன்னிடம் மன்னிப்புக் கேட்க வேண்டுமா என்று யோசித்தேன். கேட்க மாட்டேன், மிவா. கேட்டால் இந்தக் குழந்தையை உன்னிடமிருந்து பறித்துக்கொண்டேன் என்றாகிவிடும். நான் பறிக்கவில்லை. உன்னுடையவள் தனி. அவளைப் பற்றி ஏழு வருஷம் நான் ஒரு கேள்வி கேட்கவில்லை. இப்போது கேட்கிறேன். அவளுக்குப் பெயர் வைத்திருந்தாயா? சொல்ல வேண்டாம் என்றால் சொல்லாதே. சொன்னால் அந்தப் பெயரை நான் யாரிடமும் சொல்ல மாட்டேன்.

முதல் ஞாயிறு புதுக்குரலைக் கேட்டேன். அந்தப் பெண் நன்றாகவே செய்கிறாள். பையன்தான் கொஞ்சம் நல்ல பிள்ளையாகிவிட்டான். டிவியை அணைத்துவிட்டு, சமையலறையில் தொகுமாருவின் குரலில் ஒரு பாட்டம் அவனைத் திட்டினேன். பக்கத்து வீட்டுக்காரர் சுவரைத் தட்டினார். "நீங்கதானா? என் பேத்தி, 'தொகுமாரு பக்கத்து வீட்டுல இருக்கான், டிவியில இருக்கிறது வேற யாரோ'ங்கிறா" என்றார்.

வேலை இல்லாமலும் இல்லை. சின்னக் கம்பெனி ஒன்று கணினி விளையாட்டில் எழுபது வயதுக் கிழட்டு மந்திரக்காரிக்குக் குரல் கேட்டது. அவர்களுக்கு என் வயிற்றைப் பற்றி ஒரு கேள்வியும் இல்லை. "பயங்கரமாச் சிரிக்க வருமா?" என்று மட்டும் கேட்டார்கள். சிரித்துக் காட்டினேன். உடனே கையெழுத்தானது.

பிரசவத்துக்கு நீ வருவாயா? வர மனமில்லாவிட்டால் ஏன் என்று எழுத வேண்டாம். வெறும் ஊறுகாய் மட்டும் அனுப்பு, நான் புரிந்துகொள்வேன்.

அக்கா


அகிதா
பிப்ரவரி 14

அன்பு அக்கா,

முக்காலி வந்தது. உட்கார்ந்துதான் எழுதுகிறேன். இடுப்பு உன்னை வாழ்த்துகிறது. உன் கால் வீக்கம் எப்படி இருக்கிறது? உப்பைக் குறை. ஊறுகாயையும் குறை. அதனால் இந்த முறை ஊறுகாய் அனுப்பவில்லை. நானே வருகிறேன். மார்ச் முதல் தேதி ரயில். கடையை கென்சாகு பார்த்துக்கொள்வார்.

பெயர் வைத்திருந்தோம். நேரில் சொல்கிறேன்.

போன வாரம் ஊர்மன்றத்தில் கூட்டம். ஐந்து மணிக் குரலை மாற்றுவதாம். கணினிக் குரல் ஒன்று இருக்கிறதாம். ஓனோதெரா அம்மாள்தான் கோரிக்கை வைத்தவள். எனக்குத் தகவல் சொல்லவில்லை. துணி கொடுக்க வந்த யாரோ சொல்லி, ஏப்ரனோடு ஓடினேன்.

"யாரையும் குத்தம் சொல்லல" என்றார் மன்றத் தலைவர். "குழந்தைங்களுக்குச் சொல்ற குரல் பாருங்க. அதான், கொஞ்சம்..."

"கொஞ்சம் என்ன?"

"அதான், கொஞ்சம்..."

"மிவா, நீ ஏன் குதிக்கிறே?" என்றாள் ஓனோதெரா அம்மாள். "அந்தக் குரலைக் கேட்டா உனக்கே நெஞ்சு அடைக்கும்னு எங்களுக்குத் தெரியாதா? உனக்காகவும்தான் சொல்றோம்."

அக்கா, ஊருக்கே தெரிந்திருக்கிறது. ஐந்து மணிக்கு என் கடையிலிருந்து ஆவி கிளம்புவதை எல்லாரும் பார்த்துக்கொண்டுதான் இருந்திருக்கிறார்கள். எனக்கு முகம் எரிந்தது. ஒரு நிமிஷம் அப்படியே திரும்பிப் போயிருப்பேன்.

போகவில்லை. கையோடு கொண்டுபோன வெள்ளைத் தாளை மேஜைமேல் வைத்தேன். உன் அலுவலகம் அனுப்பிய கட்டில் மிச்சம் இருந்தது. பேனாவையும் வைத்தேன்.

"எனக்கு நெஞ்சு அடைச்சா நான் பாத்துக்கிறேன். அந்தக் குரல் என்ன தப்புப் பண்ணுச்சுன்னு யாராவது ஒருத்தர் இதுல எழுதுங்க. கையால எழுதணும். கீழ பேர் போடணும். நான் ஊர் முழுக்க ஒட்டுறேன்."

மன்றத் தலைவர் ஓனோதெரா அம்மாளைப் பார்த்தார். அவள் மீன் சங்கத்து ஆளைப் பார்த்தாள். அவர் கூரையைப் பார்த்தார். பேனா அப்படியே கிடந்தது. கொஞ்ச நேரத்தில் யாரோ, "அடுத்து பனி அள்ளுற வண்டி விஷயம்" என்றார்கள்.

குரல் அப்படியே இருக்கிறது.

அன்றைக்கு ஐந்து மணிக்கு ஆவியைக் கூட்டவில்லை. முழுக்கக் கேட்டேன். 'வண்டி பாத்துப் போங்க' என்று கடைசியில் ஒரு வரி வரும், ஞாபகமிருக்கிறதா? நான் மறந்தே போயிருந்தேன்.

மிவா


தோக்கியோ
ஏப்ரல் 4

என் அருமை மிவா,

செர்ரி மரங்கள் கொட்டி முடித்துவிட்டன. நீ பத்திரமாக ஊர் போய்ச் சேர்ந்தாய் என்று கென்சாகு எழுதியிருந்தார். நீ இல்லாத நாலு வாரத்தில் மூன்று பேருடைய சட்டையை மாற்றிக் கொடுத்ததாகவும் எழுதியிருந்தார். திட்டாதே. இங்கே தாயும் சேயும் நலம். அவள் என் எடையில் பாதியைப் பாலாகவே குடித்துவிடுவாள் போலிருக்கிறது.

நீ போன மறுநாள் குரோசே வந்தான். கையில் பிஸ்கட் டப்பா. முகத்தைப் பார்த்ததுமே விஷயம் இருக்கிறது என்று தெரிந்தது.

"அக்கா, குழந்தைங்ககிட்டேருந்து கம்பெனிக்குத் தபால் குவியுது. 'தொகுமாருவுக்குச் சளி எப்ப சரியாகும்?'னு கேக்குதுங்க. ஜனவரிலேருந்து பையனுக்குச் சளின்னே நினைச்சுட்டிருக்குதுங்க."

"பாவம். மருந்து குடுங்க."

"தலைவர் திரும்பக் கூப்பிடுறார். ஒரு நிபந்தனைதான். ஒரே ஒரு வரி. மன்னிப்புன்னுகூட வேணாம், 'தொந்தரவுக்கு வருந்துகிறேன்'னு. கையால எழுதி. உங்க தங்கச்சி கையெழுத்துல இருந்தா ரொம்ப நல்லதுன்னார்."

தொட்டிலில் இருந்தவள் அப்போது கத்தினாள். அவள் கத்தலை நீ கேட்டிருக்கிறாயே. குரோசே காதைப் பொத்திக்கொண்டான். "அய்யோ, யாரு குரல் இது!"

நான் அவளைத் தூக்கிக்கொண்டு யோசித்தேன். பொய் சொல்லவில்லை, மிவா, நிஜமாகவே யோசித்தேன். ஒரு வரி. ஞாயிறு ஆறு மணி. அந்தக் குழந்தைகள். தொண்டையில் அவன் துள்ளினான்.

அப்புறம் சுவரைப் பார்த்தேன். குழந்தை பிறந்த ஏழாம் நாள், நம் வழக்கப்படி நீ எழுதி ஒட்டிவிட்டுப் போன பெயர்த் தாள் அங்கே இருக்கிறது. அதே வெள்ளைத் தாள், அதே கறுப்பு மை, மேலிருந்து கீழாக. அவள் பெயர் இபுகி. அடியில் பிறந்த தேதி. எழுதி முடித்ததும் நீ அவளைப் பார்த்து, பிறகு தாளைப் பார்த்து, உன்னுடையவளின் பெயரை என் காதில் சொன்னாய். அந்தப் பெயர் என்னிடம் பத்திரமாக இருக்கிறது. இபுகி என்றால் மூச்சு. எங்கள் தொழிலில் அது இருந்தால் போதும் என்று நீதான் சொன்னாய்.

"குரோசே, உன் போனை எடு. தலைவர் கேட்ட கடிதம் தயாரா இருக்கு."

அவனுக்கு முதலில் புரியவில்லை. புரிந்ததும் நிமிர்ந்து நின்று, கோணலில்லாமல், நிழல் விழாமல், அழகாகப் படம் எடுத்தான். என் பெயரில் அவனே வெளியிட்டான். ஒரு வார்த்தை கூடுதலாகச் சேர்க்கவில்லை. அலுவலகத்தின் தாள், அவர்கள் கேட்ட கையெழுத்து. அதில் அவள் பெயரும் அவள் பிறந்த தேதியும் மட்டும்.

இன்னும் பதில் வரவில்லை. கூப்பிட்டால் போவேன், அந்தப் பையனுக்குச் சளி பிடித்தே கிடக்க வேண்டியதில்லை. கூப்பிடாவிட்டால் மந்திரக்காரியாகச் சிரித்துப் பிழைப்பேன். எப்படியும் இரண்டாவது தாள் கிடையாது.

மே மாத விடுமுறைக்கு இருவரும் வருகிறோம். பையில் அந்த இளஞ்சிவப்பு வில்லையைத் தொங்கவிட்டுக்கொண்டே வருவேன், யாராவது எழுந்திருக்கிறார்களா பார்ப்போம். ஓனோதெரா அம்மாளை ஜன்னல் திரையோடு கடையில் தயாராக இருக்கச் சொல்.

சாப்பாட்டை எடுத்து வை. ஐந்து மணிக்கு வீடு வந்து சேர்ந்துவிடுவோம்.

உன் அக்கா தமாகி